அமெரிக்க அரசமைப்புச் சட்டம் புரிய எந்தப் புத்தகம்? தீர்ப்புக்கு முன்னால் கேஸ் கட்டைப் பாருங்கள்

கேள்வி, பிப்ரவரி 2, 2025 (டல்லாஸ்காரர் ஒருவர்)

மகள் பதினொன்றாம் வகுப்பு. பள்ளியில் அமெரிக்க அரசாங்கம் ஒரு பாடம். மார்பரி, மெக்கல்லக், பிரவுன், கிடியன் என்று சாப்பிடும்போது வரிசையாகப் பெயர் சொல்கிறாள், நான் தலையாட்டிக்கொண்டிருக்கிறேன். சட்டக் கல்லூரியில் வைக்கிற பாடப்புத்தகம் ஒன்று பழைய விலைக்குக் கிடைத்தது என்று வாங்கினேன். ஆயிரத்தைந்நூறு பக்கம். நாற்பதாவது பக்கத்தைத் தாண்ட முடியவில்லை. இதெல்லாம் வக்கீல்களுக்குத்தான், மற்றவர்களுக்குப் புரியாது என்பது என் முடிவு. மறுப்பவர்கள் சொல்லலாம்.

பிப்ரவரி 2, இரவு

மறுக்கிறேன். நீங்கள் வாங்கியது உட்கார்ந்து படிக்கிற புத்தகமே இல்லை. கேஸ்புக் என்பது வகுப்புக்காகச் செய்தது. தீர்ப்பை வெட்டிச் சுருக்கி, கீழே நாலு கேள்வி போட்டு, பதிலை வேண்டுமென்றே சொல்லாமல் விட்டிருப்பார்கள். அந்தப் பதிலை வகுப்பில் பேராசிரியர் மாணவனை நிற்க வைத்துக் கறந்தெடுப்பார். பேராசிரியர் இல்லாமல் அதை வைத்துக்கொண்டு யார் உட்கார்ந்தாலும் நாற்பதாம் பக்கத்தில்தான் நிற்பார்கள். நானும் நின்றவள்தான், அதுவும் சென்னை உயர் நீதிமன்றத்தில் சில வருஷம் ஜூனியராக இருந்துவிட்டு இங்கே நியூஜெர்சிக்கு வந்த பிறகு.

முதலில் அரசமைப்பையே படியுங்கள். விளக்கவுரை வேண்டாம். 7 பிரிவுகள், 27 திருத்தங்கள். திருத்தங்களைச் சேர்க்காமல் சுமார் 4,500 சொற்கள்தான், ஒரே மாலையில் முடிந்துவிடும். புரியாத இடத்தில் நிற்க வேண்டாம். 14-ஆம் திருத்தத்தின் முதல் பத்தியை (மாநிலங்கள் எல்லாருக்கும் சமமான சட்டப் பாதுகாப்பு தர வேண்டும் என்பது அதில்தான்) மட்டும் இரண்டு தடவை படியுங்கள், ஏனென்றால் உங்கள் மகள் சொல்லும் பெயர்களில் பாதி அந்தப் பத்தியில்தான் வந்து விழும்.

அடுத்தது ஆந்தனி லூயிஸ் எழுதிய 'கிடியன்ஸ் ட்ரம்பெட்'. 1964-இல் வந்த சின்னப் புத்தகம். ஏன் அது என்று நாளை எழுதுகிறேன்.

பிப்ரவரி 3

கிளாரன்ஸ் ஏர்ல் கிடியன். வயது ஐம்பதைத் தாண்டியவர், சின்னச் சின்னத் திருட்டுக்காக ஏற்கெனவே சிறைக்குப் போய் வந்தவர். 1961-இல் ஃப்ளோரிடாவின் பனாமா சிட்டியில் ஒரு பூல் ரூமை உடைத்துச் சில்லறைக் காசும் சாராயமும் எடுத்தார் என்று வழக்கு. எனக்கு வக்கீல் வையுங்கள், உச்ச நீதிமன்றமே எனக்கு அந்த உரிமை உண்டு என்று சொல்லியிருக்கிறது என்று நீதிபதியிடம் கேட்கிறார். உச்ச நீதிமன்றம் அப்படிச் சொல்லியிருக்கவில்லை. 1942-இல் பெட்ஸ் எதிர் பிரேடி வழக்கில் அதற்கு நேர்மாறாகச் சொல்லியிருந்தது: மரண தண்டனை வழக்கு, அல்லது விசேஷமான சூழ்நிலை இருந்தால் ஒழிய, மாநிலம் வக்கீல் வைத்துக் கொடுக்க வேண்டிய அவசியம் இல்லை. தனக்குத் தானே வாதாடினார். ஐந்து வருஷம் தண்டனை. சிறையில் கோடு போட்ட தாளில் பென்சிலால் மனு எழுதி வாஷிங்டனுக்கு அனுப்பினார்.

லூயிஸ் கதையைத் தொடங்குவது அந்தப் பென்சில் மனுவிலிருந்துதான். அந்தக் கவர் உச்ச நீதிமன்ற அலுவலகத்தில் யார் கைக்கு வருகிறது, எந்த வரிசையில் போய்ச் சேருகிறது, ஆயிரக்கணக்கான மனுக்களில் இது எப்படிப் பிழைக்கிறது, நீதிபதிகள் என்ன கேள்வியை முன்வைத்து எடுத்துக்கொள்கிறார்கள் என்று ஒவ்வொரு படியாகப் போகிறார். நீதிமன்றம் அவருக்காக வைத்த வக்கீல் ஏப் ஃபோர்டாஸ். வாஷிங்டனில் பெரிய கை, பின்னாளில் அவரே அங்கே நீதிபதியானார். அவர் கீழ்க்கோர்ட்டு நடவடிக்கையைப் படித்துவிட்டு, சட்டம் படிக்காத ஒருவர் எவ்வளவு செய்ய முடியுமோ அவ்வளவும் கிடியன் செய்திருக்கிறார், அப்படியும் போதவில்லை என்கிற இடத்தைப் பிடிக்கிறார். பெட்ஸ் தீர்ப்பின் அடித்தளம் அங்கேதான் ஆட்டம் காண்கிறது.

இன்னொரு பக்கம் ஃப்ளோரிடா அரசுக்காக ஆஜரான புரூஸ் ஜேக்கப் என்கிற இளம் வக்கீல். எங்களுக்கு ஆதரவாக மனுப் போடுங்கள் என்று மற்ற மாநிலங்களுக்குக் கடிதம் எழுதுகிறார். விளைவு, இருபதுக்கும் மேற்பட்ட மாநிலங்கள் கிடியன் பக்கம் சேர்ந்து மனுப் போட்டன! ஃப்ளோரிடாவுக்குத் துணை வந்தவை அலபாமாவும் வட கரோலினாவும் மட்டும். ஜூனியராக இருந்தவர்களுக்கு அந்த ஆளின் வயிற்றெரிச்சல் புரியும்.

1963 மார்ச் 18, வக்கீல் வைக்க வசதியில்லாதவருக்கு மாநிலமே வைத்துக் கொடுக்க வேண்டும் என்று ஒன்பது பேரும் ஒருமனதாகத் தீர்ப்பு. எழுதியவர் ஹ்யூகோ பிளாக், 1942-இல் பெட்ஸ் வழக்கில் மாறுபட்டு எழுதிய அதே பிளாக். இருபத்தொரு வருஷம் காத்திருந்து தன் மாறுபட்ட தீர்ப்பைச் சட்டமாக்கியவர். பிறகு மறுவிசாரணை. இந்தத் தடவை உள்ளூர் வக்கீல் ஃப்ரெட் டர்னர். அரசுத் தரப்பின் முக்கியச் சாட்சியைக் குறுக்கு விசாரணையில் பிரித்துப் போட்டார். விடுதலை.

வக்கீல் இருந்தால் என்ன வித்தியாசம் என்பதை அந்த மறுவிசாரணை அத்தியாயம் காட்டுகிற அளவுக்கு உச்ச நீதிமன்றத் தீர்ப்பு காட்டாது. புத்தகத்தை முடித்த கையோடு தீர்ப்பைப் படியுங்கள். சின்னத் தீர்ப்பு, ஓடிவிடும்.

பிப்ரவரி 3, பின்னேரம்

"ஹென்றி ஃபோண்டா நடித்த படம் இருக்கிறதே, அது போதாதா?" என்று கேட்டவருக்கு: படம் நன்றாக இருக்கும். மனு அலுவலகத்தில் எப்படி நகர்கிறது என்பது படத்தில் இவ்வளவு விவரமாக வராது. எனக்கு அதுதான் வேண்டும்.

பிப்ரவரி 6

கோயம்புத்தூர் வக்கீல் சார் ஒருவர் எழுதியிருக்கிறார், தீர்ப்புகள் எல்லாம் இலவசமாகக் கிடைக்கும்போது இடையில் பத்திரிகைக்காரர்கள் எழுதிய கதை எதற்கு, மூலத்தைப் படித்தால் போதாதா என்று. கோர்ட்டில் எதிர்த்தரப்பு இப்படித்தான் ஆரம்பிக்கும். பதில் சொல்கிறேன்.

சார், நீங்கள் பக் எதிர் பெல் தீர்ப்பை மட்டும் படியுங்கள். 1927. எழுதியவர் ஆலிவர் வெண்டல் ஹோம்ஸ். மூன்று நான்கு பக்கம். வர்ஜீனியாவில் ஒரு காப்பகத்தில் இருக்கும் கேரி பக் என்ற பெண் மனவளர்ச்சி குன்றியவள், அவள் அம்மாவும் அப்படியே, அவளுக்குப் பிறந்த குழந்தையும் அப்படியே, ஆகவே அரசு அவளுக்குக் கருத்தடை அறுவைச் சிகிச்சை செய்யலாம். மூன்று தலைமுறை போதும் என்று எழுதுகிறார். எட்டுக்கு ஒன்று. மாறுபட்ட ஒருவர், பட்லர், காரணம் ஒன்றும் எழுதவில்லை. மூலத்தை மட்டும் படித்தால் உங்களுக்குக் கிடைப்பது இவ்வளவுதான். வாதம் கொடூரம் என்று தோன்றும். ஆனால் உண்மைகள் சரியாகத்தான் இருக்கும் என்று நம்பிக்கொண்டு போய்விடுவீர்கள்.

பால் லொம்பார்டோ 2008-இல் 'த்ரீ ஜெனரேஷன்ஸ், நோ இம்பெசில்ஸ்' என்று ஒரு புத்தகம் எழுதினார். மனுஷன் கேஸ் கட்டைத் தேடிப் போனார். கேரி பக்குக்காக ஆஜரான வக்கீல் இர்விங் வைட்ஹெட், அதே காப்பகத்தின் நிர்வாகக் குழுவில் முன்னாள் உறுப்பினர். எதிர்த்தரப்பு வக்கீலுக்கு நண்பர். கட்சிக்காரருக்காக ஒரு சாட்சியைக்கூட நிறுத்தவில்லை. சட்டத்துக்கு உச்ச நீதிமன்ற முத்திரை வாங்குவதற்காகவே நடத்திய வழக்கு. கேரி கர்ப்பமானது வளர்ப்பு வீட்டுக்காரர்களின் உறவுக்காரன் செய்த பலாத்காரத்தால். அந்தக் குழந்தை விவியன் பள்ளிக்கூடத்தில் நன்றாகப் படிப்பவர்கள் பட்டியலில் பெயர் வாங்கியவள். எட்டு வயதில் இறந்துபோனாள்.

இதில் ஒரு வரிகூடத் தீர்ப்பில் கிடையாது, இருக்கவும் முடியாது. கேஸ் கட்டில் இல்லாதது தீர்ப்பில் வராது. அந்தக் கட்டைக் கட்டியது யார் என்று தீர்ப்பு சொல்லாது.

மார்பரி எதிர் மேடிசனையே எடுங்கள். 1803. ஜான் ஆடம்ஸ் பதவியிலிருந்து இறங்கும் கடைசி நேரத்தில் போட்ட நியமன ஆணைகளில் சில கைக்குப் போய்ச் சேராமல் மேசையிலேயே கிடந்தன, மார்பரி வழக்குப் போட்டார், காங்கிரஸ் போட்ட சட்டமே செல்லாது என்று சொல்லும் அதிகாரம் நீதிமன்றத்துக்கு உண்டு என்று தலைமை நீதிபதி ஜான் மார்ஷல் அந்த வழக்கில் நிறுவினார், எல்லாருக்கும் தெரியும். அந்த ஆணைகளுக்கு முத்திரை வைத்தும் அனுப்பாமல் விட்டுப்போன அன்றைய வெளியுறவுச் செயலாளர் யார்? அதே மார்ஷல். அந்தச் செயலாளர் நான்தான் என்று தீர்ப்பில் ஒரு வரி இல்லை. நம்மூரில் இப்படி ஒரு நீதிபதி உட்கார்ந்தால் நீங்களே எழுந்து ஆட்சேபணை சொல்லியிருப்பீர்கள்.

மூலத்தைப் படிக்க வேண்டாம் என்று சொல்லவில்லை. மூலம் என்றால் தீர்ப்பு மட்டும் இல்லை என்கிறேன்.

பிப்ரவரி 7

பக் எதிர் பெல் பிறகு ரத்தாகிவிட்டது என்று கீழே ஒருவர் எழுதியிருக்கிறார். இல்லை. 1942-இல் ஸ்கின்னர் எதிர் ஓக்லஹோமாவில் திரும்பத் திரும்பக் குற்றம் செய்தவர்களுக்குக் கருத்தடை செய்யும் சட்டம் செல்லாது என்றார்கள், ஆனால் பக்கை வெளிப்படையாக ரத்து செய்யவில்லை. இன்று யாரும் அதை நம்பி வாதாட மாட்டார்கள் என்பது வேறு விஷயம்.

பிப்ரவரி 9

அரசுப் பள்ளிகளில் கறுப்பினப் பிள்ளைகளைப் பிரித்து வைப்பது செல்லாது என்ற பிரவுன் வழக்குக்கு என்ன படிப்பது என்று மூன்று பேர் கேட்டாகிவிட்டது. ரிச்சர்ட் க்ளூகரின் 'சிம்பிள் ஜஸ்டிஸ்'. எழுநூறு பக்கத்துக்கு மேல். ஆமாம், ஆயிரத்தைந்நூறு பக்கத்துக்குப் பயந்தவருக்கு எழுநூறைச் சிபாரிசு செய்கிறேன், சிரிக்க வேண்டாம்.

முழுசாகப் படிக்கத் தேவையில்லை. தென் கரோலினா கிளாரெண்டன் கவுண்டி அத்தியாயத்திலிருந்து ஆரம்பியுங்கள். அந்தக் கவுண்டியில் வெள்ளைக்காரப் பிள்ளைகளுக்கு 30 பள்ளிப் பேருந்துகள், கறுப்பினப் பிள்ளைகளுக்கு ஒன்றுகூட இல்லை. லெவி பியர்சன் என்ற விவசாயி ஒரே ஒரு பேருந்து கேட்டு வழக்குப் போட்டார். பள்ளிகளை ஒன்றாக்கு என்றெல்லாம் கேட்கவில்லை. வழக்கு தள்ளுபடியானது. எதனால்? அவருடைய நிலம் எல்லைக்கோட்டில் கிடந்ததாம், வரி கட்டியது பக்கத்துப் பள்ளி மாவட்டத்தில், ஆகவே வழக்குப் போட உரிமை இல்லை என்று. நம் கோர்ட்டுகளிலும் தினம் பார்க்கிற சமாசாரம்தான். அதற்கப்புறம்தான் இருபது குடும்பங்கள் சேர்ந்து, ஹாரி பிரிக்ஸ் பெயர் முதலில் வர, பெரிய வழக்காகிறது. கையெழுத்துப் போட்ட பிரிக்ஸ் பெட்ரோல் பங்க் வேலையை இழந்தார், அவர் மனைவிக்கு மோட்டலில் இருந்த வேலை போனது, முன்னின்று நடத்திய பாதிரியார் டிலெய்னின் வீடு எரிந்தது, கடைசியில் அவர் மாநிலத்தை விட்டே ஓட வேண்டி வந்தது.

பிரவுன் என்று நாம் சொல்வது கான்சாஸ், தென் கரோலினா, வர்ஜீனியா, டெலவேர் வழக்குகள் சேர்ந்தது. வாஷிங்டன் டி.சி. வழக்குக்குத் தனித் தீர்ப்பு, ஏனென்றால் 14-ஆம் திருத்தம் மாநிலங்களைத்தான் கட்டும், டி.சி. மாநிலம் இல்லை. வர்ஜீனியா வழக்குக்குக் காரணம் பார்பரா ஜான்ஸ் என்ற பதினாறு வயதுப் பெண், 1951-இல் தன் பள்ளியில் வேலைநிறுத்தம் நடத்தியவள். உங்கள் மகளுக்கு இந்த அத்தியாயத்தை மட்டும் கொடுங்கள்.

க்ளூகரை நான் இவ்வளவு தூக்கிப் பிடிப்பதற்குக் காரணம், முடிவு தெரிந்த கதையைத் தெரியாததுபோல் அவர் சொல்வதுதான். 1952 டிசம்பரில் முதல் தடவை வாதம் கேட்டபோது நீதிபதிகள் பிளந்து கிடந்தார்கள். தலைமை நீதிபதி வின்சன் பிரிவினையை நீக்கத் தயங்கினார். மறுவாதத்துக்குத் தள்ளிப் போட்டார்கள். 1953 செப்டம்பரில் வின்சன் மாரடைப்பில் போய்ச் சேர்ந்தார். கடவுள் இருக்கிறார் என்பதற்கு எனக்குக் கிடைத்த முதல் அத்தாட்சி இது என்று நீதிபதி ஃப்ராங்ஃபர்ட்டர் சொன்னதாக க்ளூகர் எழுதுகிறார்! அந்த இடத்துக்கு ஏர்ல் வாரன் வந்தார், ஒவ்வொருவராகப் பேசிச் சரிக்கட்டினார், 1954 மே 17-இல் ஒன்பதுக்குச் சுழியம். பாடப்புத்தகத்தில் அந்த ஒன்பதுக்குச் சுழியம் மட்டும் இருக்கும், ஏதோ தானாக வந்ததுபோல்.

பிப்ரவரி 12

ரயிலில் வரும்போது யோசித்தேன், மேலே எழுதியதற்கு ஒரு பின்குறிப்பு தேவை. இப்படி வழக்குக் கதைகளாகவே படித்துக்கொண்டு போனால் ஒரு ஆபத்து இருக்கிறது. பாவப்பட்ட ஒரு ஆள், திறமையான வக்கீல், மனசாட்சியுள்ள நீதிபதி, நீதி வென்றது, முடிந்தது. அரசமைப்புச் சட்டத்தின் பெரும்பகுதி அப்படி இல்லை. யாருக்கு எந்த அதிகாரம் என்கிற வறண்ட சண்டை. மத்திய அரசா மாநிலமா, காங்கிரஸா அதிபரா. அதில் கதாநாயகன் கிடையாது, ஆகவே கதைப் புத்தகமும் குறைவு. ஆனால் கட்டிடம் நிற்பது அந்தத் தூணில்தான்.

எனக்குப் பிடித்த உதாரணம், ஓலீஸ் பார்பிக்யூ. அலபாமா பர்மிங்ஹாமில் ஒரு குடும்ப ஓட்டல். வெள்ளையர்கள் உட்கார்ந்து சாப்பிடலாம், கறுப்பினத்தவருக்குப் பார்சல் மட்டும். 1964 சிவில் உரிமைச் சட்டம் இது கூடாது என்றது. ஓட்டல்காரர் வழக்குப் போட்டார். இது சமத்துவ வழக்கு, 14-ஆம் திருத்தத்தில் தீரும் என்றுதானே யாரும் நினைப்பார்கள்? இல்லை. அந்தத் திருத்தம் மாநில அரசைத்தான் கட்டும், தனியார் ஓட்டலைக் கட்டாது என்று 1883-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆகவே காங்கிரஸ் மாநிலங்களுக்கிடையிலான வணிகத்தை ஒழுங்குபடுத்தும் அதிகாரத்தைக் கையில் எடுத்தது. தீர்ப்பைப் பாருங்கள், மனித மாண்பு பற்றி அல்ல, இறைச்சி பற்றிப் பேசுகிறது. அந்த ஓட்டல் ஒரு வருஷத்தில் வாங்கிய உணவுப் பொருள் சுமார் 1,50,000 டாலர், அதில் 69,683 டாலருக்கு இறைச்சி, அதை உள்ளூர் வியாபாரி வெளிமாநிலத்திலிருந்து வரவழைத்தார், ஆகவே இது மாநிலங்களுக்கிடையிலான வணிகம், ஆகவே சட்டம் செல்லும். ஒருவரை உட்கார வைத்துச் சோறு போடுவதா இல்லையா என்பது இறைச்சி பில்லில் தீர்ந்தது.

அதற்கு முன்னால் ரோஸ்கோ ஃபில்பர்ன். ஒஹாயோ விவசாயி. அரசு 11.1 ஏக்கரில்தான் கோதுமை போடலாம் என்றது, அவர் 23 ஏக்கர் போட்டார். அதிகப்படி விளைச்சலை என் பண்ணையிலேயே பயன்படுத்துகிறேன், விற்கவில்லை, இது எப்படி வணிகம் ஆகும் என்றார். 1942-இல் தோற்றார். இப்படி எல்லாரும் செய்தால் கோதுமைச் சந்தை என்னவாகும் என்றது நீதிமன்றம். 117 டாலர் 11 செண்ட் அபராதத்துக்கு நடந்த வழக்கு, 2012-இல் ஒபாமா மருத்துவக் காப்பீட்டுச் சட்டம் உச்ச நீதிமன்றத்துக்கு வந்தபோதுகூட எல்லார் வாயிலும் இதுதான்.

இந்த எலும்புக்கூட்டுக்கு ராபர்ட் மெக்கிளாஸ்கியின் 'தி அமெரிக்கன் சுப்ரீம் கோர்ட்' படியுங்கள். 1960 புத்தகம், சான்ஃபோர்ட் லெவின்சன் பின்னால் அத்தியாயங்கள் சேர்த்துக்கொண்டே வந்தார், புதிய பதிப்பாகப் பார்த்து வாங்குங்கள். நீதிமன்றம் நாட்டின் பொதுக் கருத்தை விட்டு ரொம்ப தூரம் விலகிப் போனதில்லை, போனால் அடிபட்டிருக்கிறது என்பது அவர் கட்சி. எனக்கு அது பாதி சம்மதம். பக் எதிர் பெல் பொதுக் கருத்தோடு ஒட்டித்தான் போனது, அதுதான் அங்கே பிரச்சினையே.

பிப்ரவரி 13

"அக்கா, மொத்தத்தில் எழுநூறு பக்கம், அப்புறம் இன்னொரு வரலாறு, அப்புறம் தீர்ப்பு. வேலைக்குப் போக வேண்டாமா?" போக வேண்டாம். நீங்கள் கேட்டீர்கள்.

பிப்ரவரி 16

இதெல்லாம் அமெரிக்காக்காரன் சமாசாரம், நமக்கு என்ன என்று கேட்டவருக்காக இது.

ஆந்தனி லூயிஸின் இன்னொரு புத்தகம் 'மேக் நோ லா', 1991. நியூயார்க் டைம்ஸ் எதிர் சல்லிவன். 1960 மார்ச் 29 அன்று அந்தப் பத்திரிகையில் மார்ட்டின் லூதர் கிங்கின் வழக்குச் செலவுக்கு நிதி கேட்டு முழுப்பக்க விளம்பரம். அதில் சில பிழைகள். கிங் ஏழு தடவை கைது என்று இருந்தது, உண்மையில் நாலு. மாணவர்கள் பாடிய பாட்டுகூட வேறு. மாண்ட்காமரி நகரின் காவல்துறைப் பொறுப்பிலிருந்த சல்லிவன், தன் பெயரே இல்லாத விளம்பரத்துக்கு அவதூறு வழக்குப் போட்டார். ஜூரி ஐந்து லட்சம் டாலர் நஷ்டஈடு கொடுக்கச் சொன்னது. அன்றைய ஆறரை லட்சம் பிரதிகளில் அலபாமா மாநிலத்துக்குப் போனது சுமார் 394. சல்லிவன் இருந்த மாண்ட்காமரி கவுண்டியில் 35.

1964 மார்ச் 9, பிரென்னன் தீர்ப்பு: அரசு அதிகாரி தன் பணி தொடர்பான அவதூறுக்கு நஷ்டஈடு கேட்டால், பொய் என்று தெரிந்தே எழுதினார்கள் அல்லது பொய்யா மெய்யா என்று கவலையே படாமல் எழுதினார்கள் என்று நிரூபிக்க வேண்டும்.

முப்பது வருஷம் கழித்து, 1994 அக்டோபர். ஆட்டோ சங்கர் சிறையில் எழுதிய சுயசரிதையை நக்கீரன் வெளியிடப் போகிறது, அதில் அதிகாரிகளுக்கும் அவனுக்கும் இருந்த தொடர்பு வருகிறது, சிறைத்துறை மேலதிகாரி நிறுத்தச் சொல்லிக் கடிதம் அனுப்புகிறார், நக்கீரன் நேரே உச்ச நீதிமன்றம் போகிறது. ஆர்.ராஜகோபால் எதிர் தமிழ்நாடு அரசு. நீதிபதி ஜீவன் ரெட்டி சல்லிவன் தீர்ப்பை எடுத்து வைத்துப் பேசுகிறார். பொது ஆவணத்தில் இருப்பதை வெளியிடலாம், தங்களைப் பற்றி அவதூறு வரும் என்ற பயத்தில் அதிகாரிகள் முன்கூட்டியே தடை போட முடியாது. மாண்ட்காமரி சல்லிவன் ஆட்டோ சங்கரின் திருவான்மியூர் வரை வந்து சேர்ந்த கதை இது. அந்தரங்க உரிமை பற்றி நம் சட்டத்தில் பேசும்போதும் இந்தத் தீர்ப்பை விட்டுப் பேச முடியாது.

லூயிஸ் நியூயார்க் டைம்ஸ்காரர், வென்ற கட்சியின் ஆள் என்பதை நினைவில் வைத்துக்கொண்டு படியுங்கள். சல்லிவன் தீர்ப்பை மறுபரிசீலனை செய்ய வேண்டும் என்று நீதிபதி கிளாரன்ஸ் தாமஸ் 2019-லிருந்து எழுதி வருகிறார். அதையும் பக்கத்தில் வைத்துப் படித்தால் நல்லது.

பிப்ரவரி 20

பழைய பதிப்பு வாங்கலாமா என்ற கேள்விக்கு: வரலாறு என்றால் தாராளமாக. நடப்புச் சட்டம் சொல்கிற புத்தகம் என்றால் வேண்டவே வேண்டாம். 2022 ஜூனில் டாப்ஸ் தீர்ப்பு, கருக்கலைப்பு உரிமை உண்டு என்ற 1973-இன் ரோ எதிர் வேடைத் தூக்கி எறிந்தது. 2023-இல் ஹார்வர்ட் வழக்கோடு கல்லூரிச் சேர்க்கையில் இனத்தைக் கணக்கில் எடுப்பது போனது. 2024 ஜூனில், சட்டம் தெளிவாக இல்லாத இடத்தில் அரசுத் துறையின் நியாயமான விளக்கத்தை நீதிமன்றம் ஏற்க வேண்டும் என்ற 1984-இன் செவ்ரான் போனது. பழைய புத்தகக் கடையில் பத்து டாலருக்குக் கிடைக்கும் தடிமனான புத்தகம் இவை மூன்றும் உயிரோடு இருப்பதாகச் சத்தியம் பண்ணும். சந்தேகம் வந்தால் புரட்டிப் பார்க்க எர்வின் செமரின்ஸ்கியின் பெரிய விளக்க நூல் இருக்கிறது, அதில் கேஸ்புக் போலக் கேள்வி கேட்டு விளையாட மாட்டார், நேராகச் சொல்வார். நூலகத்தில் புதிய பதிப்பைப் பாருங்கள், காசு கொடுத்து வாங்காதீர்கள்.

பிப்ரவரி 22

'தி பிரெத்ரன்' பற்றி யாரும் சொல்லவில்லையே என்று ஒரு தம்பி குறைப்பட்டிருக்கிறார். பாப் உட்வர்டும் ஸ்காட் ஆம்ஸ்ட்ராங்கும் எழுதியது, 1979. நீதிபதிகள் அறைக்குள் ஒருவரை ஒருவர் எப்படித் திட்டிக்கொண்டார்கள் என்று தெரிய வேண்டுமானால் அதைவிட ருசியான புத்தகம் இல்லை. ஆனால் யார் சொன்னது என்று எங்கேயும் போட்டிருக்காது. நீதிபதி பாட்டர் ஸ்டூவர்ட் இறந்த பிறகு, முக்கியமாகத் தகவல் கொடுத்தவர் அவர்தான் என்று உட்வர்டே வெளியிட்டார். அதைத் தெரிந்துகொண்டு மறுபடி படித்தால், தலைமை நீதிபதி பர்கர் ஏன் ஒவ்வொரு பக்கத்திலும் அடி வாங்குகிறார் என்பதற்கும் ஒரு காரணம் தென்படும். பேசியவர் பக்கம் கதை சாயும், வேறென்ன.

மார்ச் 1

தீர்ப்பு படிக்கத் தெரியாதவர்களுக்குச் சில நடைமுறை விஷயம். முதலில் வரும் சுருக்கம் தீர்ப்பின் பகுதி அல்ல, நீதிமன்ற அலுவலர் தயாரித்தது, அதை மேற்கோள் காட்டி யாரிடமும் சண்டைக்குப் போகாதீர்கள். 347 யு.எஸ். 483 என்றால் 347-ஆம் தொகுதி, 483-ஆம் பக்கம், அவ்வளவுதான், பயப்பட ஒன்றுமில்லை. நான் மாறுபட்ட தீர்ப்பைத்தான் முதலில் படிப்பேன். பெரும்பான்மைத் தீர்ப்பு எதை நைசாகத் தாண்டிப் போகிறது என்று எதிரிக்குத்தானே தெரியும். சில வழக்குகளில் உடன்பட்டு எழுதிய தனித் தீர்ப்புதான் பெரும்பான்மைத் தீர்ப்பை விடப் பெரியதாகிவிடும். 1952-இல் ட்ரூமன் எஃகு ஆலைகளைக் கையகப்படுத்திய வழக்கில் எல்லாரும் இன்று எடுத்துக்காட்டுவது பிளாக்கின் தீர்ப்பை அல்ல, ஜாக்சன் எழுதியதை. அதிபரின் அதிகாரத்தை மூன்று நிலைகளாகப் பிரிப்பது அதில்தான்.

காது கொடுத்துக் கேட்கவும் செய்யலாம். ஓயெஸ் என்ற தளத்தில் 1955-லிருந்து நீதிமன்ற வாதங்களின் ஒலிப்பதிவு இருக்கிறது. லவிங் எதிர் வர்ஜீனியா, 1967. இனம் மாறித் திருமணம் செய்ததற்காக வழக்கு. என் மனைவியை நான் நேசிக்கிறேன், அவளோடு வர்ஜீனியாவில் வாழ முடியாதது அநியாயம் என்று கோர்ட்டில் சொல்லுங்கள் என ரிச்சர்ட் லவிங் சொல்லி அனுப்பியதை வக்கீல் பெர்னார்ட் கோஹன் நீதிபதிகளிடம் சொல்லும் இடம் அதில் இருக்கிறது. வாதத்துக்கு நடுவே கட்சிக்காரர் சொன்னதை அப்படியே எடுத்து வைப்பது எப்போது எடுபடும், எப்போது எடுபடாது என்று ஜூனியர்கள் கேட்டுத் தெரிந்துகொள்ளலாம்.

மார்ச் 8

விடுதலை கேட்டு வழக்குப் போட்ட அடிமை ட்ரெட் ஸ்காட் பற்றி கடைசியாக வந்த கேள்விக்கு. டான் ஃபெஹ்ரென்பேக்கரின் புத்தகம், 1978, புலிட்சர் வாங்கியது. முழுப் புத்தகம் பெரிசு. அவரே சுருக்கிய பதிப்பு ஒன்று 'ஸ்லேவரி, லா அண்ட் பாலிடிக்ஸ்' என்ற பெயரில் உண்டு, அதுவே போதும்.

1857 தீர்ப்பில் ஒன்பது நீதிபதிகளும் தனித்தனியாக எழுதியிருக்கிறார்கள், எல்லாவற்றையும் படிக்க வேண்டாம். தலைமை நீதிபதி டேனியையும், அவருக்கு மறுப்பாக கர்டிஸ் எழுதியதையும் படியுங்கள். அரசமைப்பு உருவான காலத்தில் கறுப்பினத்தவர் யாரும் குடிமக்களாகக் கருதப்படவில்லை என்பது டேனியின் அடித்தளம். அப்போதே ஐந்து மாநிலங்களில் சுதந்திரமான கறுப்பின ஆண்கள் வாக்களித்துக்கொண்டிருந்தார்கள் என்று கர்டிஸ் பெயர் சொல்லி எண்ணிக் காட்டுகிறார்: நியூ ஹாம்ப்ஷர், மாசசூசெட்ஸ், நியூயார்க், நியூஜெர்சி, வட கரோலினா. புத்தகத்தில் நீங்கள் விடக் கூடாத இடம் அதற்கு அப்புறம் வருவது. கோர்ட்டில் வாசித்து முடித்த பிறகும் டேனி தன் தீர்ப்பில் பக்கங்களைச் சேர்த்திருக்கிறார், மறுப்புகளுக்குப் பதில் சொல்லும் விதமாக. கர்டிஸ் நகல் கேட்டபோது கொடுக்க மறுத்திருக்கிறார்கள். சக நீதிபதிக்கே! இருவரும் எழுதிக்கொண்ட கடிதங்களையும் ஃபெஹ்ரென்பேக்கர் விவரமாக எடுத்துப் பேசுகிறார். கர்டிஸ் அந்த வருஷமே பதவியை விட்டுப் போய்விட்டார்.

கோயம்புத்தூர் சார், உங்களுக்கு இதை விசேஷமாகச் சிபாரிசு செய்கிறேன். தீர்ப்பு இணையத்தில் இலவசம்தான், கடிதங்களுக்குத்தான் புத்தகம்.